முகத்தை மட்டும் மறைத்த படம்

கஸ்னி, மீசான் மாதம் 3

ஹோமாயுன்,

இன்று காலை நான் செய்த முதல் வேலை, கூடத்துச் சுவரில் மாட்டியிருந்த உன் போட்டோவைக் கழற்றியது. காபூலில் பரிசு வாங்கிக்கொண்டு பல் தெரியச் சிரிக்கிறாயே, அந்தப் போட்டோதான். தொழுகைக்கே அதற்குப் பிறகுதான் நின்றேன். உன் அத்தான் எழுந்து வந்து வெறும் ஆணியைப் பார்த்தார். தன் தொப்பியை அதில் மாட்டிவிட்டு, கைகால் கழுவி ஒளு செய்யப் போனார்.

நம் வீட்டு வழக்கம் உனக்குத் தெரியும். கோபம் என்றால் பேச்சு கிடையாது. அம்மா தன் தங்கையோடு அப்படி இருந்து, அவள் செத்து மையத்தாகக் கிடந்தபோதுதான் வாயைத் திறந்து அழுதாள். அதனால் நீ எத்தனை முறை போன் செய்தாலும் எடுக்கமாட்டேன். எழுதுவது பேச்சில் சேராது. காபூல் வண்டி ஓட்டும் ஷேர் ஆகாவிடம் இதைக் கொடுத்தனுப்புகிறேன். கொண்டுபோவாயா என்று ஆள் விட்டுக் கேட்டபோது அவனே வாசலுக்கு வந்துவிட்டான்.

"என்ன டீச்சரம்மா, போன் செத்துப்போச்சா?"

"போன் நல்லாத்தான் இருக்கு. தம்பிதான் செத்துப்போயிட்டான்."

"யா அல்லா! எப்போ?"

"நேத்து சாயங்காலம். டிவியில."

நேற்று உன் படத்தின் முன்னோட்டம் வந்தது. பக்கத்து வீட்டிலிருந்து சுவரைத் தட்டிச் சொன்னார்கள். எல்லோரும் கூடத்தில் உட்கார்ந்தோம். என் நாத்தனார் நஸ்தரனும் வெங்காயத் தட்டோடு வந்து உட்கார்ந்தாள். டிவியில் நம் ஊர் மினார் வந்தது. ரொட்டிக்கடை யாகூப் வந்தார். அதன்பிறகு அதே நஸ்தரன் திரையில் வந்தாள், என் மகள் ஷெகீபாவின் கல்யாணத்தில் ஆடிக்கொண்டு. உன் அத்தான் எழுந்து டிவியை அணைத்தார். தன் தங்கை ஆடுவதை அவரே அதற்கு முன்னால் பார்த்ததில்லை. நஸ்தரன் உரித்த வெங்காயத்தையே மறுபடி மறுபடி உரித்துக்கொண்டிருந்தாள்.

கல்யாணத்தில் ஆண்கள் பக்கம் ஒரு கேமரா, பெண்கள் பக்கம் ஒரு கேமரா. பெண்கள் பக்கம் எடுப்பவள் ஃபவ்ஸியா. எடுத்து முடித்ததும் சிடியை மணப்பெண்ணின் அம்மா கையில் கொடுத்துவிட்டு, 'என்கிட்ட வேற நகல் இல்லை' என்று குர்ஆன் மேல் கை வைத்துச் சொல்லிவிட்டுப் போவாள். அந்த ஒரு வார்த்தையை நம்பித்தான் நாங்கள் அந்தக் கூடத்துக்குள் புர்காவைக் கழற்றிக் குவிக்கிறோம், கூந்தலை அவிழ்க்கிறோம், வேர்க்க வேர்க்க ஆடுகிறோம். வருஷத்தில் எங்களுக்கு இருப்பதே அப்படிச் சில பொழுதுகள்தான். நீ குளிர்காலத்தில் வந்தபோது ஷெகீபாவிடம், "மாமாவுக்கு உன் கல்யாணத்தைப் பாக்கக் குடுத்துவைக்கலையேம்மா" என்று கொஞ்சி அந்த சிடியை வாங்கிப்போனாய். மாமாதானே என்று அவளும் கொடுத்தாள்.

அடுத்த வாரம் வெள்ளிக்கிழமை முழுப் படத்தையும் காட்டுகிறார்களாம். நஸ்தரன் வாரத்தில் மூன்று நாள் சப்ஸ்தராவுக்குப் போய்ப் பெண்பிள்ளைகளுக்குப் பாடம் சொல்கிறாள். அந்த ஊரில் அவளைத் தவிர வேறு டீச்சர் கிடையாது. ஊர்ப் பெரியவர் ஹாஜி முராத் 'மானமுள்ள பெண்' என்று வாக்குக் கொடுத்ததால்தான் அந்த வகுப்பே நடக்கிறது. அது நின்றால் அந்தப் பிள்ளைகளுக்கு வேறு வகுப்பு இல்லை.

அந்தக் காட்சியை எடுத்துவிடு. கேட்கவில்லை, சொல்கிறேன்.

மஹ்லிகா


காபூல், மீசான் 6

அன்புள்ள அக்கா,

செத்தவன் எழுதுகிறேன். ஷேர் ஆகா நிலையத்தில் வண்டியை நிறுத்தியதுமே எல்லோர் முன்னாலும், "அட, உயிரோடதான் இருக்கியா? உங்கக்கா ஃபாத்திஹா ஓதி அல்வாவும் குடுத்தாச்சு" என்று கத்தினான். சிரித்தேன். உன் கடிதத்தைப் படித்த பிறகு சிரிப்பு வரவில்லை.

முதலில் ஒன்று சொல்லிவிடுகிறேன். நஸ்தரனின் முகத்தை நான் மறைத்திருக்கிறேன். நீ கோபத்தில் அதைக்கூடக் கவனிக்கவில்லை. ராவும் பகலும் உட்கார்ந்து, அவள் திரும்புகிற ஒவ்வொரு திருப்பத்திலும் முகத்தை மங்கலாக்கினேன். அவள் பெயர் இல்லை. எந்த வீடு, யார் கல்யாணம், எதுவும் இல்லை. நானும் கஸ்னியில் பிறந்தவன்தான் அக்கா. எனக்குத் தெரியாதா?

அந்தக் காட்சியை எடுக்கச் சொல்கிறாய். அதை எடுத்தால் படமே இல்லை. நம் மாகாணம் என்றால் உலகத்துக்கு என்ன தெரியும்? வெடித்த வண்டி, சாலையோரத்துச் செருப்பு, அழுகிற கிழவி. என் படத்தில் ஒரு பிணம்கூட இல்லை. ரொட்டி சுடுகிறார்கள், துணி துவைக்கிறார்கள், திராட்சை காயவைக்கிறார்கள். ஆனாலும் எல்லா இடத்திலும் போர் ஒரு மூலையில் நின்று பார்த்துக்கொண்டிருக்கிறது. நஸ்தரனின் இடது கால் சின்ன வயதில் ராக்கெட் தின்ற கால். அந்தக் காலை இழுக்கிறாள், இழுப்பதையே தாளமாக்கிச் சுற்றுகிறாள். படம் முழுக்கப் போர் ஜெயிக்கிறது அக்கா. அந்த ஆட்டத்தில் மட்டும்தான் தோற்கிறது. இங்கே காபூலில் போட்டுக் காட்டியபோது அதைப் பார்த்து ஆண்கள் அழுதார்கள்.

எனக்குச் சினிமா காட்டியவளே நீதான். பாட்டுக்கூடக் கூடாது என்றிருந்த காலத்தில், தவிட்டு மூட்டைகளுக்கு நடுவே டிவியை ஒளித்துவைத்து, ஜன்னலில் கம்பளி தொங்கவிட்டு, 'சத்தமில்லாம பாரு, உதட்டைப் பாரு' என்று ஹிந்திப் படம் காட்டினாய். அதே நீ இன்று வெட்டு, எடு என்கிறாய். தணிக்கை அதிகாரிக்கும் உனக்கும் என்ன வித்தியாசம்?

வெளிநாட்டு விழா ஒன்றுக்கும் படத்தைத் தேர்ந்தெடுத்திருக்கிறார்கள். நீ சந்தோஷப்படுவாய் என்று நினைத்திருந்தேன்.

உன் ஹோமாயுன்


கஸ்னி, மீசான் 9

ஹோமாயுன்,

நானா தணிக்கை அதிகாரி? ஷேர் ஆகா வண்டியில் வைத்தே இதை எழுதித் தரலாம் என்று தோன்றுகிற அளவுக்குக் கொதிக்கிறது. வீட்டுக்கு வந்து ஒரு குவளை தேநீர் குடித்துவிட்டு உட்கார்ந்திருக்கிறேன். இன்னும் கொதிக்கிறது.

முகம் மறைத்திருப்பதைக் கவனித்தேன். நன்றாகவே கவனித்தேன். நீ ஒன்றை யோசித்துப் பார். சப்ஸ்தராவில் எந்த ஆண் நஸ்தரனின் முகத்தைப் பார்த்திருக்கிறான்? அவள் வண்டியிலிருந்து இறங்கும்போதே தலை முதல் முழங்கால் வரை நீலத்துணி. பெண்கள் அறைக்குள் போய்த்தான் தூக்குகிறாள். அந்த ஊர் ஆண்களுக்கு அவள் என்றால் புர்காவுக்குக் கீழே தெரிகிற ஒரு கால் இழுப்பு, அவ்வளவுதான். அந்தச் செருப்பு மண்ணில் போடுகிற கோடு. நம் கடைத்தெருவில் நீ மட்டும் என்னை எப்படிக் கண்டுபிடிப்பாய்? நடையை வைத்துத்தானே 'அக்கா' என்று ஓடிவருவாய்? காபூலில் போய்ப் படம் எடுக்கப் படித்தாய், முகம்தான் ஆள் என்று சொல்லிக்கொடுத்திருக்கிறார்கள். யாருக்குமே தெரியாத முகத்தை ராவும் பகலும் உட்கார்ந்து மறைத்திருக்கிறாய். ஊருக்கே தெரிந்த காலைத் திரை முழுக்கக் காட்டியிருக்கிறாய்.

ஹாஜி முராத் வந்தார். இரண்டு பெரியவர்களும் கூட வந்தார்கள். நான் கதவுக்குப் பின்னால் நின்று கேட்டேன்.

"கரீம்தாத், உன் தங்கச்சி நல்ல பொண்ணு. நாங்க ஒண்ணும் தப்பாச் சொல்லலை" என்றார்.

"பின்ன என்ன ஹாஜி?" என்றார் உன் அத்தான்.

"ஊர்ல பசங்க போன்ல எல்லாம் அந்தக் கால் ஆடுது."

"முகமே தெரியலை. யாரோட கால்னு எப்படிச் சொல்றீங்க?"

"என் வாசல் வழியா வாரத்துல மூணு நாள் போற கால்டா அது. எனக்குத் தெரியாதா?"

உன் அத்தான் அவர்களுக்குத் தேநீர் ஊற்றினார்.

உன் முன்னோட்டத்திலிருந்து அந்த ஆட்டத்தை மட்டும் தனியாக வெட்டி, போன் கடைகளில் மெமரி கார்டில் ஏற்றிக் கொடுக்கிறார்கள். அதே கார்டில் ஹிந்தி நடிகைகள் இடுப்பை ஆட்டுகிறார்கள். ஹாஜி முராத்தின் பிள்ளைகளும் வருஷக்கணக்காக அதைப் பார்க்கிறார்கள். அது சினிமா. நஸ்தரன் ஆடினால் மட்டும் மானம் போகிறது. எனக்கு உன் மேல் மட்டும்தான் கோபம் என்று நினைக்காதே. அவர்கள் மேலும் கோபம். ஆனால் அவர்கள் எப்படிப்பட்டவர்கள் என்று தெரிந்திருந்தும் அவர்கள் கையில் கொண்டுபோய்க் கொடுத்தவன் நீ.

ஹாஜி வைத்த நிபந்தனை இதுதான். நஸ்தரன் ஊர்ப் பெண்கள் முன்னால் வந்து, ஆடியது பாவம், இனி ஆடமாட்டேன் என்று தௌபா செய்ய வேண்டும். இல்லையென்றால் வேறு டீச்சரை அனுப்ப வேண்டும். "ஆடாத டீச்சர் ஒருத்தங்கள அனுப்புங்க" என்றார். ஆடாத பெண் என்று இந்த ஊரில் யாரைத் தேடிப் பிடிப்பது? அதுவரை வகுப்பு இல்லை. "போதும், இனி என் வீட்டுப் பொம்பளைங்க யாரும் அந்தச் சாலையில போகக்கூடாது" என்று உன் அத்தான் சொல்லிவிட்டார்.

இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன், மனதில் கிடந்து அரிக்கிறது. ரொட்டிக்கடை யாகூபை உன் முன்னோட்டத்தில் பார்த்தேன். கன்னம் தொங்கி, கண் செத்துப்போய் அடுப்பையே பார்த்துக்கொண்டிருக்கிறார். எல்லோரும் 'பாவம், என்ன துக்கமோ' என்றார்கள். யாகூப் துக்கப்பட்டு நான் பார்த்ததே இல்லை. போய்க் கேட்டேன். விழுந்து விழுந்து சிரித்தார். "உன் தம்பிக்கு ஒரு ஜோக் சொன்னேன் டீச்சரம்மா. 'இன்னொரு தடவை சொல்லுங்க, இன்னொரு தடவை சொல்லுங்க'ன்னு என் உயிரை வாங்கிட்டான். களைச்சுப்போய் வாயை மூடினேன். அதைத்தான் எடுத்திருக்கான்" என்றார். இங்கே படமெடுத்த நாட்களில், தண்ணீர் லாரி தெருவை நனைத்துவிட்டுப் போனதும், புழுதி அடங்கிப்போச்சே என்று நீ முகம் சுளித்ததையும் நான் பார்த்தேன். படத்துக்குப் பெயரே 'புழுதி' அல்லவா.

பிணம் இல்லாத படம் என்று பெருமைப்படுகிறாய். சிரிப்பும் இல்லையே ஹோமாயுன். எங்கள் ஊரில் எது அதிகம் என்று உனக்குத் தெரியும். தெரிந்தே எடுக்காமல் விட்டாய்.

மஹ்லிகா


காபூல், மீசான் 12

அக்கா,

உன் கடிதத்தைப் படித்துவிட்டு நேராகப் போன் கடைக்குத்தான் போனேன். இங்கேயும் அந்தக் கார்டு கிடைக்கிறது. கடைக்காரன் என்னிடமே, "புதுசா நொண்டிப் பொண்ணு ஆடுறது வந்திருக்கு, ஏத்தித் தரவா?" என்றான். நான் எடுத்த படத்தை என்னிடமே விற்கிறான்.

கால். எனக்குத் தோன்றவே இல்லை. சத்தியமாகத் தோன்றவில்லை.

தொலைக்காட்சிக்காரர்களோடு சண்டை போட்டேன். தயாரிப்பாளர் கத்தினார். வெள்ளிக்கிழமை அந்தக் காட்சி வராது, முன்னோட்டமும் இனி வராது. வெளிநாட்டு விழாவுக்கு அனுப்பிய நகல் மட்டும் போய்ச் சேர்ந்துவிட்டது. அங்கே யாருக்கு அவள் காலைத் தெரியும்? அதை விட்டுவிடு அக்கா. அந்த ஒரு இடத்திலாவது அந்த ஆட்டம் இருந்துவிட்டுப் போகட்டும்.

நான் வருகிறேன். சப்ஸ்தராவுக்குப் போய், ஊர் முன்னால் ஹாஜி முராத் கையைப் பிடித்து மன்னிப்புக் கேட்கிறேன். தப்பு என்னுடையது, அந்தப் பெண்ணுடையது அல்ல என்று சொல்கிறேன். அவர் கேட்பார். நம் அப்பாவைத் தெரிந்தவர்.

ஒன்று கேட்கிறேன், அடிக்க வராதே. ஹாஜி நஸ்தரனைப் பற்றிப் பேசுகிறார். அத்தான் முடிவு சொல்கிறார். நீ எனக்கு இரண்டு கடிதம் எழுதிவிட்டாய். அவள் என்ன சொல்கிறாள் என்று எந்தக் கடிதத்திலும் இல்லை. அவளிடம் கேட்டாயா?

ஹோமாயுன்


கஸ்னி, மீசான் 16

ஹோமாயுன்,

கேட்கவில்லை. உன் கேள்வியைப் படித்ததும் கடிதத்தைக் கசக்கினேன். பிறகு நீவி விரித்து மறுபடி படித்தேன். கேட்டவன் நீ என்பதுதான் ஆத்திரம்.

நேற்று குளிர்காலக் கம்பளிகளை அலசினோம். ஆளுக்கொரு முனையைப் பிடித்து முறுக்கிப் பிழியும்போது கேட்டேன். "நஸ்தரன், அந்தப் படத்தைப் பத்தி நீ என்ன நெனைக்கிற?"

"இப்பதான் கேக்கத் தோணுச்சா அண்ணி?" என்றாள்.

அவள் பார்த்துவிட்டாளாம். ஷெகீபாவின் போனில், முழுசாக, திரும்பத் திரும்ப.

"தாயிரா எங்க அண்ணி? நீங்க அடிச்ச தாயிரா மேளம்? நம்ம பொம்பளைங்க அத்தனை பேரும் கை தட்டினாங்களே, அது எங்க? எல்லாத்தையும் எடுத்துட்டு ஒரு புல்லாங்குழலைப் போட்டு ஒப்பாரி வெச்சிருக்கான் உங்க தம்பி. கூட்டத்தையும் ஓரமா வெட்டிட்டான். நான் மட்டும் தனியா, தர்காவுல பேய் பிடிச்சவ மாதிரி சுத்திக்கிட்டு இருக்கேன். நான் அன்னிக்கு அழுதுக்கிட்டா ஆடினேன்? சிரிச்சுச் சிரிச்சு விலா வலிச்சுது. அந்தச் சிரிப்பு இருந்தது முகத்துலதான். அதைத்தான் பாத்து அழிச்சிருக்கான்."

சொல்லிவிட்டுக் கம்பளியை ஒரு முறுக்கு முறுக்கினாள் பார், என் கை கழன்றுவிட்டது.

ஆண்கள் அழுதார்கள் என்றாயே, எதைப் பார்த்து அழுதார்கள்? அந்தக் கூடத்தில் போர் தோற்றது உண்மைதான். ஆனால் அதை ஒரு காலா தோற்கடித்தது? தாளம் தப்பினால் நிறுத்தி மறுபடி ஆரம்பிக்கக் கூட்டமாக நாங்கள் இருந்தோம். அவள் இடது கால் வருவதற்கு ஒரு கணம் கூடுதலாக ஆகும் என்று அந்தக் கணத்துக்குக் காத்திருந்து கை தட்டினோம். அதைக் கழற்றிவிட்டால் மிச்சம் இருப்பது ஒரு நொண்டிப் பெண். கடைக்காரன் உன்னிடம் சரியாகத்தான் சொல்லியிருக்கிறான்.

தௌபா பற்றியும் கேட்டேன். உண்மையைச் சொல்கிறேன், செய்துவிட்டால்தான் என்ன என்று சொல்ல வாயெடுத்தேன். பிள்ளைகளுக்காக நாலு வார்த்தை, அல்லாவுக்குத் தெரியும் உன் மனசு என்றெல்லாம் மனதுக்குள் அடுக்கி வைத்திருந்தேன். அவள் என் முகத்தைப் பார்த்தே தெரிந்துகொண்டாள்.

"உங்க மக கல்யாணத்துல ஆடினேன் அண்ணி. நீங்கதான் கையப் பிடிச்சு இழுத்து விட்டீங்க. நான் தௌபா பண்ணினா அந்தப் பிள்ளைங்க என்ன படிக்கும்? ஆடினது பாவம்னுதானே? அதச் சொல்லிக்குடுக்க டீச்சர் எதுக்கு? அவங்க வீட்டுலயே சொல்லிக்குடுப்பாங்களே."

நான் அடுத்த கம்பளியை எடுத்தேன்.

இன்று காலை சப்ஸ்தராவிலிருந்து பால்காரி வந்தாள். வகுப்பு நடப்பது ஹாஜி முராத்தின் வீட்டுப் பெண்கள் பக்கத்தில்தான், உனக்குத் தெரியுமோ என்னவோ. அவர் மனைவி சபீரா பீபி ஷெகீபாவின் கல்யாணத்துக்கு வந்திருந்தாள். எனக்குப் பக்கத்தில் உட்கார்ந்து எல்லோரையும்விடச் சத்தமாகக் கை தட்டியவள் அவள்தான். பால்காரியிடம் சொல்லியனுப்பியிருக்கிறாள்: "டீச்சர் எப்ப வர்றாங்க? என் மக பின்னக் கணக்குல பாதியில நின்னுட்டு என் உயிரை எடுக்கிறா. ஹாஜி தௌபான்னாரு. அப்ப நானும் பண்ணணும், நானும் அங்க கை தட்டினவதான்னு சொன்னேன். ரெண்டு நாளா என்கூடப் பேசலை. வீடு நிம்மதியா இருக்கு. பொம்பளைங்க பக்கத்துக் கதவோட தாழ்ப்பாள் உள்பக்கம்தான் இருக்குன்னு டீச்சர்கிட்ட சொல்லு."



நீ வரவேண்டாம். நீ வந்து ஹாஜியின் கையைப் பிடித்து மன்னிப்புக் கேட்டால், ஆடியதில் மன்னிக்க ஏதோ இருந்தது என்று ஆகிவிடும். இரண்டு ஆண்கள் வாசலில் நின்று அவளை மன்னித்துக்கொள்வீர்கள். அவள் உள்ளே நின்று கேட்டுக்கொண்டிருக்க வேண்டும். உனக்கு ஏதாவது செய்யவேண்டும் என்று துடிப்பாக இருந்தால், விழாவுக்குப் போன நகலைத் திரும்ப வாங்கு. அங்கே யாருக்கும் அவளைத் தெரியாது என்கிறாய். தெரியாதவர்கள் முன்னால்தான் அவளைத் தனியாக ஆடவிட்டிருக்கிறாய். தாயிராவும் கைத்தட்டும் சேர்த்துப் போடட்டுமா என்று கேட்காதே. அந்தச் சத்தத்தில் எல்லோர் குரலும் இருக்கிறது. குரலை வைத்துக் கண்டுபிடிக்கவும் எங்கள் ஊருக்குத் தெரியும். ஷெகீபாவின் கல்யாண சிடியை மட்டும் ஷேர் ஆகாவிடம் கொடுத்தனுப்பு, துணியில் சுற்றித் தைத்து.

இனி எழுதப்போவது யாருக்கும் தெரியாது. உன் அத்தானுக்குத் தெரியாது. என் பள்ளிக்கூடத்தில் தெரியாது. நஸ்தரனிடம் நாளை காலைதான் கேட்கப்போகிறேன், இந்த முறை முதலில் அவளிடம்.

சனிக்கிழமை நான் சப்ஸ்தராவுக்குப் போகிறேன். அவள் வரவில்லை என்றால் தனியாகப் போய், 'தாயிரா அடித்தவள் வந்திருக்கிறேன், என்னையும் வேண்டாம் என்றால் கை தட்டியவர்களையும் சேர்த்துச் சொல்லுங்கள்' என்று சொல்லிவிட்டு, சபீரா பீபியின் மகளுக்குப் பின்னக் கணக்கை முடித்துக் கொடுப்பேன். உன் அத்தான் சத்தம் போடுவார். சாலையும் நல்ல சாலை இல்லை. எனக்குப் பயமாகத்தான் இருக்கிறது.

ஆனால் அவள் வருவாள். வந்தால் வண்டியை ஹாஜி வீட்டு வாசல்வரை கொண்டுபோகச் சொல்லமாட்டேன். ஊர் எல்லையிலேயே இறங்கிக்கொள்வோம். கடைத்தெரு வழியாக, எல்லோரும் பார்க்க, அவள் எவ்வளவு மெதுவாக நடக்கிறாளோ அவ்வளவு மெதுவாக நானும் கூட நடப்பேன்.

மஹ்லிகா